கடலே இல்லாத நாட்டுக்கு எதுக்கு கடற்படை? 10 சென்டாவோ வரியால் பொலிவியா கடலைத் தொலைத்த கதை!

வெள்ளைச் சீருடை, மாலுமி தொப்பி, ரேங்க் வரிசையில் அட்மிரல்கள், ரோந்துப் படகுகள்... தென் அமெரிக்காவில் இருக்கும் பொலிவியா நாட்டின் கடற்படையில் இதெல்லாம் உண்டு. சுமார் 5,000 பேர் வேலை பார்க்கிறார்கள். இல்லாதது ஒன்றே ஒன்றுதான். கடல்!

உலக வரைபடத்தை எடுத்துப் பாருங்கள். வடக்கிலும் கிழக்கிலும் பிரேசில், தெற்கில் பராகுவே, அர்ஜென்டினா, மேற்கில் பெரு, சிலி என ஐந்து நாடுகள் பொலிவியாவைச் சுற்றி நிற்கின்றன. ஏறக்குறைய 11 லட்சம் சதுர கிலோமீட்டர் பரப்பு, அதாவது இந்தியாவில் மூன்றில் ஒரு பங்கு. இவ்வளவு பெரிய நாட்டில் ஒரு அடி கடற்கரை கூட கிடையாது.

அப்புறம் எதுக்கு கடற்படை? க்விஸ் போட்டிகளில் அடிக்கடி வரும் கேள்விதான் இது. கேட்டதும் சிரிப்பு வரும். ஆனால் அந்த நாட்டில் இது சிரிக்கிற விஷயம் இல்லை. கடலை இழந்த கோபம் ஒரு ஜனாதிபதியை நாட்டை விட்டே ஓட வைத்திருக்கிறது. அதற்கு வருவோம், முதலில் 1825-க்குப் போகலாம்.

பொலிவியாவுக்கு கடல் இருந்ததா?

இருந்தது. 1825 ஆகஸ்ட் 6-ம் தேதி ஸ்பெயினிடம் இருந்து விடுதலை பெற்றபோது, விடுதலை வீரர் சிமோன் பொலிவாரின் பெயரையே நாட்டுக்கு வைத்தார்கள். பசிபிக் கரையில் இருந்த கொபிஹா என்ற இடத்தை நாட்டின் துறைமுகமாக அறிவித்ததும் பொலிவார்தான். அந்தக் கடலோரப் பகுதி பின்னாளில் 'லிட்டோரல்' என்ற மாகாணமானது. சுமார் 400 கிலோமீட்டர் கடற்கரை, 1.2 லட்சம் சதுர கிலோமீட்டர் நிலம்.

பேப்பரில் பார்க்க நன்றாகத்தான் இருந்தது. நிஜத்தில் ஒரு பெரிய சிக்கல். பொலிவியா மக்கள் வாழ்ந்தது ஆண்டிஸ் மலைத்தொடரின் மேலே. அரசாங்கம் நடக்கும் லா பாஸ் நகரமே கடல் மட்டத்தில் இருந்து சுமார் 3,600 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கிருந்து சொந்தக் கடலைப் பார்க்கப் போக வேண்டும் என்றால் மலை இறங்கி, அதன் பிறகு உலகிலேயே மிக வறண்ட இடங்களில் ஒன்றான அட்டகாமா பாலைவனத்தைக் கடக்க வேண்டும். கோவேறு கழுதைகளில் பல நாள் பயணம். வழியில் தண்ணீர் கிடையாது. அதனால் பொலிவியா வியாபாரிகளே சொந்தத் துறைமுகத்தை விட்டுவிட்டு, அப்போது பெருவிடம் இருந்த அரிக்கா துறைமுகம் வழியாகத்தான் பெரும்பாலும் சரக்கு அனுப்பினார்கள்.

அதாவது கடல் சொந்தம்தான், ஆனால் வீட்டில் இருந்து ரொம்ப தூரம். சிலி நாட்டுக்கோ அதே கரைக்கு வர ஒரு கப்பல் போதும். வால்பரைசோவில் ஏறினால் சில நாளில் வந்து இறங்கலாம். இந்த ஒரு வித்தியாசத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் நடந்தது எல்லாம் இதில் இருந்துதான் கிளம்பியது.

பாலைவனத்தில் அப்படி என்ன இருந்தது?

பறவை எச்சமும் உப்பும்! நம்ப முடியவில்லையா?

தென் அமெரிக்காவின் மேற்குக் கரையை ஒட்டி 'ஹம்போல்ட் நீரோட்டம்' என்ற குளிர்ந்த கடல் நீரோட்டம் ஓடுகிறது. அது இரண்டு வேலை செய்கிறது. ஒன்று, ஆழத்தில் இருந்து சத்துள்ள நீர் மேலே வருவதால் மீன்கள் கொட்டிக் கிடக்கும். மீன் இருந்தால் கடற்பறவைகள் லட்சக்கணக்கில் வரும். இரண்டாவது, கடல் குளிர்ந்து கிடப்பதால் கரைக்கு மேலே மழை மேகம் உருவாவது இல்லை. கிழக்கில் அமேசான் பக்கம் இருந்து வரும் ஈரக் காற்றையும் ஆண்டிஸ் மலை தடுத்து விடுகிறது. ஆக, மழையே இல்லை.

மழை இல்லாததால் பறவைகளின் எச்சம் கரைந்து போகாமல் நூற்றாண்டுக் கணக்கில் மலை போலக் குவிந்தது. இதுதான் 'குவானோ'. பயிருக்குப் போட்டால் பிரமாதமான உரம். அதே காரணத்தால் பாலைவன மண்ணில் இருந்த நைட்ரேட் உப்பும் கரையாமல் அப்படியே தங்கியது. வேறு நாடாக இருந்திருந்தால் ஒரு நல்ல மழைக்காலம் அத்தனையையும் அடித்துக்கொண்டு போயிருக்கும்.

ஸ்கூல் கெமிஸ்ட்ரி புத்தகத்தில் 'சிலி வெடியுப்பு' என்று படித்திருப்பீர்கள், சோடியம் நைட்ரேட். அந்த உப்பேதான் இது. உரத்துக்கும் ஆகும், வெடிமருந்துக்கும் ஆகும். 19-ம் நூற்றாண்டு ஐரோப்பாவுக்கு இரண்டுமே தேவைப்பட்டது. இதில் ஒரு வேடிக்கை, 1879 வரை அந்த உப்பு கிடைத்த முக்கியமான நிலங்கள் சிலியிடம் இல்லவே இல்லை. பெருவிடமும் பொலிவியாவிடமும்தான் இருந்தன. பெயர் மட்டும் 'சிலி வெடியுப்பு' என்று நம் பாடப்புத்தகம் வரை வந்துவிட்டது. போரில் யார் ஜெயித்தார்கள் என்பதற்கு இதைவிட சாட்சி வேண்டுமா?

நிலம் ஒருவருக்கு, தொழில் இன்னொருவருக்கு

உப்பை வெட்டி எடுக்க ஆள் வேண்டும், முதலீடு வேண்டும். இரண்டுமே சிலியில் இருந்து வந்தன. சிலி முதலாளிகளும் பிரிட்டிஷ் முதலீட்டாளர்களும் சேர்ந்து நடத்திய ஒரு நைட்ரேட், ரயில்வே நிறுவனம் பொலிவியாவின் அன்டோஃபகாஸ்டா துறைமுகத்தில் கோலோச்சியது. அந்த ஊரில் வாழ்ந்தவர்களில் நான்கில் மூன்று பங்குக்கும் மேல் சிலி நாட்டவர்கள். கொடி பொலிவியாவுடையது, தெருவில் நடந்தவர்கள் சிலிக்காரர்கள்.

எல்லைத் தகராறும் ஓடிக்கொண்டே இருந்தது. 1866-ல் ஒரு ஒப்பந்தம் போட்டு, 24-வது தென் அட்சரேகையை எல்லையாக வைத்துக்கொண்டார்கள். 1874-ல் அடுத்த ஒப்பந்தம். அதில்தான் அந்த முக்கியமான வரி இருந்தது: சிலி நாட்டு நிறுவனங்களுக்கு 25 ஆண்டுகளுக்கு வரியை உயர்த்த மாட்டோம் என்று பொலிவியா ஒப்புக்கொண்டது.

நான்கே வருஷம். 1877-ல் கடலோரத்தை பூகம்பமும் சுனாமியும் தாக்கின. நாட்டுக்குள் வறட்சி வேறு. கஜானா காலி. 1878 பிப்ரவரியில் பொலிவியா ஒரு புது வரி போட்டது. ஏற்றுமதியாகும் ஒவ்வொரு குவிண்டால் நைட்ரேட்டுக்கும் 10 சென்டாவோ. நம் ஊர் கணக்கில் குவிண்டால் என்றால் 100 கிலோ, அங்கே அப்போது சுமார் 46 கிலோ. 100 சென்டாவோ சேர்ந்தால்தான் ஒரு பொலிவியானோ. அதாவது 46 கிலோவுக்கு ஒரு பொலிவியானோவின் பத்தில் ஒரு பங்கு!

தொகை சின்னதுதான். ஆனால் '25 வருஷம் வரி ஏற மாட்டோம்னு கையெழுத்து போட்டீங்களே' என்று நிறுவனம் கட்ட மறுத்தது. சிலி அரசும் பின்னால் நின்றது. பொலிவியா ஜனாதிபதி ஹிலாரியோன் டாசா இறங்கி வரவில்லை. வரி கட்டாத நிறுவனத்தின் சொத்துகளை ஏலம் விடுங்கள் என்று உத்தரவு போட்டார். ஏலத்துக்குக் குறித்த நாள் 1879 பிப்ரவரி 14.

ஏலம் நடக்கவில்லை. அன்று காலை அன்டோஃபகாஸ்டாவில் சிலி படை வந்து இறங்கியது. வெறும் 200 பேர் அளவிலான படை. எதிர்ப்பே இல்லை, ஊரில் பெரும்பாலானவர்கள் அவர்களை வரவேற்றார்கள். இந்தச் செய்தி லா பாஸ் போய்ச் சேரவே பல நாள் ஆனது, ஏனென்றால் தந்தி வசதி அங்கே வரை கிடையாது. டாசாவுக்கு தகவல் கிடைத்தும் கார்னிவல் கொண்டாட்டம் முடியட்டும் என்று மறைத்து வைத்தார் என்று ஒரு கதை உண்டு. வரலாற்று ஆசிரியர்கள் இதை ஒத்துக்கொள்வதில்லை. ஆனால் பொலிவியாவில் இன்றைக்கும் சொல்லப்படும் கதை அது.

'உன் பாட்டியை சரணடையச் சொல்!'

1879 மார்ச் 23. பாலைவனத்துக்குள் இருக்கும் கலாமா என்ற சிறு ஊரை நோக்கி சிலி படை நகர்ந்தது. ஊரைக் காக்க நின்றவர்கள் 150 பேர் கூட இல்லை. பெரும்பாலும் பொதுமக்கள். அதில் ஒருவர் எடுவார்டோ அபரோவா. ராணுவ வீரர் இல்லை, தொழில் செய்து பிழைத்தவர். டோபாட்டர் பாலத்துக்கு அருகே குண்டடி பட்டுக் கிடந்தவரிடம் சரணடையச் சொன்னார்களாம். 'நானா? உன் பாட்டியை சரணடையச் சொல்' என்று கெட்ட வார்த்தையும் சேர்த்துச் சொல்லிவிட்டு உயிரை விட்டார் என்பது பொலிவியாவில் ஒவ்வொரு குழந்தைக்கும் தெரிந்த கதை. அந்த மார்ச் 23-தான் இன்று அங்கே 'கடல் தினம்'. ஊர் ஊராக அணிவகுப்பு, பள்ளிப் பிள்ளைகளுக்கு மாலுமி உடை.

போரில் பெருவும் மாட்டிக்கொண்டது. 1873-லேயே பொலிவியாவும் பெருவும் ரகசியமாக ஒரு பாதுகாப்பு ஒப்பந்தம் போட்டிருந்தன. 1879 ஏப்ரல் 5-ம் தேதி இரண்டு நாடுகள் மீதும் சிலி போர் அறிவித்தது.

இங்கேதான் கதையின் பெரிய முரண். சாலையும் தண்ணீரும் இல்லாத பாலைவனத்தில் போர் என்றால், யார் கையில் கடல் இருக்கிறதோ அவர்களால்தான் படைக்கு சோறும் தண்ணீரும் கொடுக்க முடியும். சிலியிடம் இரும்புக் கவசம் போட்ட இரண்டு நவீன போர்க்கப்பல்கள் இருந்தன. 400 கிலோமீட்டர் கடற்கரை வைத்திருந்த பொலிவியாவிடம் சொல்லிக்கொள்ள ஒரு போர்க்கப்பல் கூட இல்லை. கடல் இருந்தபோது கடற்படை இல்லை, இப்போது கடற்படை இருக்கிறது, கடல் இல்லை!

பெருவின் 'ஹுவாஸ்கார்' என்ற ஒற்றைக் கப்பல் சில மாதம் சிலிக்குத் தண்ணி காட்டியது. 1879 அக்டோபர் 8-ம் தேதி அதையும் சிலி பிடித்துவிட்டது. அந்தக் கப்பல் இன்றும் சிலியில் மிதக்கும் அருங்காட்சியகமாக நிற்கிறது. அடுத்த ஆண்டு மே மாதம் டாக்னா அருகே நடந்த சண்டையில் தோற்றதும் பொலிவியா போரில் இருந்து விலகி மலைக்குத் திரும்பிவிட்டது. பெரு மட்டும் தொடர்ந்து அடி வாங்கியது. 1881 ஜனவரியில் தலைநகர் லிமாவே சிலி கையில்!

கையெழுத்துப் போட்டது யார்?

1884-ல் பொலிவியாவும் சிலியும் போர் நிறுத்தம் செய்துகொண்டன. நிரந்தர ஒப்பந்தம் 20 வருஷம் கழித்து, 1904 அக்டோபர் 20-ல். கடலோரம் முழுவதும் என்றென்றைக்கும் சிலிக்கு. பதிலுக்கு சிலி 3 லட்சம் பவுண்டு கொடுக்கும், அரிக்காவில் இருந்து லா பாஸுக்கு ரயில் பாதை போட்டுத்தரும், பொலிவியா சரக்கு சிலி துறைமுகங்கள் வழியாகத் தடையின்றிப் போகலாம். சொன்னபடி சுமார் 440 கிலோமீட்டர் ரயில் பாதை 1913-ல் திறக்கப்பட்டது.

இன்றைய சண்டையின் மையம் இந்த ஒப்பந்தம்தான். சிலி சொல்வது: 'போர் முடிந்து 20 வருஷம் கழித்து, யாரும் துப்பாக்கி நீட்டாமல், உங்கள் நாடாளுமன்றமே ஒப்புக்கொண்டு போட்ட கையெழுத்து. இனி என்ன பேச்சு?' பொலிவியா சொல்வது: 'வேறு வழியே இல்லாமல், நெருக்கடியில் போட்டது.' இரண்டிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். தோற்ற நாடுகள் போட்ட ஒப்பந்தங்களை எல்லாம் செல்லாது என்று ஆரம்பித்தால், உலக வரைபடத்தில் பாதி எல்லைகள் ஆட்டம் கண்டுவிடும். சிலியின் பயமும் அதுதான்.

போர் எந்த உப்புக்காக நடந்ததோ, அதன் கதி தெரியுமா? ஜெர்மனியில் ஃபிரிட்ஸ் ஹேபரும் கார்ல் பாஷும் காற்றில் இருக்கும் நைட்ரஜனில் இருந்தே உரம் செய்யும் வழியைக் கண்டுபிடித்தார்கள். முதல் உலகப் போருக்குப் பிறகு இயற்கை நைட்ரேட் தொழில் சரிந்தது. சுரங்க நகரங்கள் காலியாகி இன்று பேய் ஊர்களாக நிற்கின்றன. ஆனால் சிலிக்கு நஷ்டம் இல்லை. பொலிவியாவிடம் இருந்து வந்த அதே நிலத்தில், கலாமா பக்கத்திலேயே, சுக்கிகமாட்டா என்ற ராட்சத செம்புச் சுரங்கம் இருக்கிறது. அட்டகாமா உப்புப் படுகையில் உங்கள் போன் பேட்டரிக்கு வேண்டிய லித்தியமும் இருக்கிறது.

ஜனாதிபதியை விரட்டிய கடல்

1975-ல் ஒரு வாய்ப்பு வந்தது. அப்போது சிலியில் பினோசே, பொலிவியாவில் ஹூகோ பான்செர், இருவருமே ராணுவ ஆட்சியாளர்கள். அரிக்காவுக்கு வடக்கே கடல் வரை ஒரு குறுகிய நிலப்பட்டையைக் கொடுக்கிறோம், பதிலுக்கு நிலம் கொடுங்கள் என்று பேச்சு நடந்தது. ஆனால் அந்தப் பட்டை ஒரு காலத்தில் பெருவுடையது. அங்குள்ள நிலத்தை மூன்றாவது நாட்டுக்குக் கொடுப்பதானால் பெருவின் சம்மதம் வேண்டும் என்று 1929-லேயே சிலியும் பெருவும் எழுதி வைத்திருந்தன. பெரு வேறொரு திட்டம் சொன்னது, சிலி அதை ஏற்கவில்லை. 1978-ல் பொலிவியா சிலியுடனான தூதரக உறவையே முறித்தது.

2003-ல் நிலைமை ரத்தக்களறியானது. பொலிவியாவின் இயற்கை எரிவாயுவை சிலி துறைமுகம் வழியாக அமெரிக்காவுக்கு ஏற்றுமதி செய்ய ஒரு திட்டம். 'நம்ம கேஸ், அவங்க துறைமுகமா?' என்று மக்கள் கொதித்தார்கள். வறுமை, எரிவாயு லாபம் யாருக்கு என்ற கேள்வி எல்லாம் அதில் சேர்ந்துகொண்டது. ராணுவம் சுட்டது. 60 பேருக்கு மேல் இறந்தார்கள். அக்டோபர் 17-ம் தேதி ஜனாதிபதி கொன்சாலோ சான்செஸ் டெ லொசாடா பதவி விலகி அமெரிக்காவுக்குப் போய்விட்டார்.

உலக நீதிமன்றம் என்ன சொன்னது?

2013 ஏப்ரலில் பொலிவியா நெதர்லாந்தின் தி ஹேக் நகரில் இருக்கும் சர்வதேச நீதிமன்றத்துக்குப் போனது. கவனிக்கவும், 'கடலைத் திருப்பித் தா' என்று கேட்கவில்லை. கேட்டாலும் 1904 ஒப்பந்தம் குறுக்கே நிற்கும். அதனால் புத்திசாலித்தனமாக ஒரு வழக்கு: 'பேசித் தீர்க்கலாம்னு சிலி பல தடவை சொல்லியிருக்கு. அதனால பேச்சுவார்த்தை நடத்த அதுக்கு சட்டப்படி கடமை இருக்கு.'

2015-ல் வழக்கை விசாரிக்க எங்களுக்கு அதிகாரம் உண்டு என்று நீதிமன்றம் சொன்னதும் லா பாஸில் கொண்டாட்டம். 2018 மார்ச்சில் லா பாஸ் - ஒருரோ சாலையில் கிட்டத்தட்ட 200 கிலோமீட்டர் நீளத்துக்கு கடல் நீல நிறத்தில் ஒரே கொடியை மக்கள் கையில் பிடித்து நின்றார்கள். அக்டோபர் 1-ம் தேதி தீர்ப்பு. ஜனாதிபதி ஈவோ மொராலெஸ் நேரிலேயே போய் உட்கார்ந்திருந்தார். பொலிவியா சதுக்கங்களில் பெரிய திரை வைத்து மக்கள் பார்த்தார்கள்.

12-க்கு 3. சிலிக்கு அப்படி ஒரு கடமை இல்லை என்று தீர்ப்பு. நல்ல அண்டை நாடுகளாக நீங்களே பேசிக்கொள்வதை இது தடுக்காது என்றும் நீதிபதிகள் சேர்த்துக்கொண்டார்கள்.

சட்ட ரீதியாகப் பார்த்தால் கதவு ஏறக்குறைய மூடிவிட்டது. ஆனால் 2009-ல் கொண்டுவந்த பொலிவியா அரசியலமைப்பில் பசிபிக் கடலுக்கான உரிமையை விட்டுத்தர முடியாது என்று தனிப்பிரிவே இருக்கிறது. எந்த ஜனாதிபதி வந்தாலும் 'போதும், விட்டுடலாம்' என்று சொல்ல முடியாது.

சரி, கடற்படை இப்ப என்ன செய்யுது?

1963-ல் நதி, ஏரிப் படையாக மறுபடி ஆரம்பித்தார்கள். பெருவோடு பங்கு போட்டிருக்கும் டிட்டிகாக்கா ஏரிதான் முக்கிய இடம். சுமார் 3,800 மீட்டர் உயரத்தில் இருக்கும் அந்த ஏரியில் டைவிங் பயிற்சி கூட நடக்கிறது. அமேசானில் கலக்கும் மாமோரே, பெனி போன்ற ஆறுகளில் போதைப்பொருள் கடத்தலைத் தடுப்பது, வெள்ளம் வந்தால் மக்களை மீட்பது எல்லாம் இவர்கள் வேலை. ஆக, சும்மா பேருக்கு வைத்திருக்கும் படை இல்லை. கொடியில் ஒன்பது மாகாணங்களுக்கு ஒன்பது சின்ன நட்சத்திரம், தொலைந்த லிட்டோரலுக்கு ஒரு பெரிய நட்சத்திரம்.

கடற்கரையும் ஒரு வகையில் கிடைத்திருக்கிறது, ஆனால் சிலியிடம் இருந்து அல்ல. 1992-ல் பெரு தன்னுடைய இலோ துறைமுகம் அருகே 5 கிலோமீட்டர் கடற்கரையை 99 வருஷத்துக்கு பொலிவியா பயன்படுத்தக் கொடுத்தது. பெயர் 'பொலிவியா மார்', அதாவது பொலிவியா கடல். ஹோட்டல், பீச் ரிசார்ட் என்றெல்லாம் பேசினார்கள். இத்தனை வருஷம் ஆகியும் அங்கே பெரும்பாலும் மணல்தான்.

சரக்கு விஷயத்தில் பொலிவியா இப்போது எதிர்த்திசையிலும் வழி தேடுகிறது. கிழக்கே பராகுவே, பரானா ஆறுகளில் படகு ஏற்றி, ரெண்டாயிரம் கிலோமீட்டருக்கு மேல் ஆற்றிலேயே போய், அட்லாண்டிக்கை எட்டும் பாதை அது. சோயா அந்த வழியாகப் போகிறது. மேற்கே இருந்து வரும் சரக்கு லாரிகளோ, இன்றும் பெரும்பாலும் அதே அரிக்காவில்தான் ஏறுகின்றன.